பந்தி உட்கார்ந்த பிறகு பிழிய வேண்டிய எலுமிச்சை

எங்கள் பக்கத்துக் கல்யாண இலையில் உப்பும் ஊறுகாயும் இனிப்பும் வைத்த கையோடு விழுவது கோசுமல்லிதான். இலையின் மேல் பாதியில், இனிப்புக்குப் பக்கத்தில், ஒரு கரண்டி. சோறு வருவதற்கு முன்னாலேயே பாதிப் பேர் அதை விரலால் எடுத்து வாயில் போட்டுவிடுவார்கள். வெயிலில் பஸ் ஏறி வந்து, தாலி கட்டி முடிகிற வரை காத்திருந்து, பசியோடு உட்கார்ந்தவர் நாக்கில் முதலில் படுகிற பதார்த்தம் அது. அந்த ஒரு வாய் குளிர்ச்சியாகவும் புளிப்பாகவும் நறுக்கென்று கடிபடுகிற மாதிரியும் இருந்தால், பின்னால் வருகிற சாம்பாருக்கும் வத்தக்குழம்புக்கும் நாக்கு தயாராகிவிடும். துவண்டுபோய்த் தண்ணீர் விட்டிருந்தால் அந்தத் தண்ணீர் பக்கத்தில் இருக்கிற லட்டு வரைக்கும் ஓடும். அப்புறம் அவியல் எவ்வளவு நன்றாக இருந்தாலும் சாப்பிடுகிறவர் முகம் மலராது.

நான் கல்யாணச் சமையல்காரன். பிளவக்கல், கூமாப்பட்டி, கான்சாபுரம், வத்திராயிருப்பு, மகாராஜபுரம் என்று மலையடிவாரத்து ஊர்களில்தான் எனக்கு அதிக வேலை. பெரிய இடத்துக் கல்யாணம் என்றால் ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம் மண்டபங்களுக்கும் அண்டா குண்டாவோடு போவோம். பிளவக்கல்லில் பெரியாறு, கோவிலாறு என்று இரண்டு அணைகள். இந்தப் பெரியாறு கேரளத்துப் பெரியாறு இல்லை. மேற்கு மலையிலிருந்து எங்கள் வயலுக்கே இறங்கி வருகிற சிற்றாறு. அணையில் தண்ணீர் நின்று நெல் விளைந்த வருஷம் தை, மாசியில் கல்யாணம் கூடுதலாக இருக்கும். சமையல்காரன் அணையின் மட்டத்தைப் பத்திரிகையில் பார்ப்பது அதனால்தான்.

தொழில் கற்றுக்கொடுத்தது என் பெரியப்பா. அவர் காலத்தில் கோசுமல்லி என்றால் வெள்ளரிக்காயும் ஊறவைத்த பாசிப்பருப்பும்தான். மாங்காய்க் காலத்தில் கிளிமூக்கு மாங்காயைத் துருவிச் சேர்ப்பார். முட்டைக்கோஸ் அவருக்குப் பொரியல், கூட்டு, அதோடு சரி. ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பெரியவர்கள் பலருக்கு அதுவும் இல்லை. கோஸ், கேரட், பீன்ஸ், பீட்ரூட் எல்லாம் அவர்கள் பேச்சில் இங்கிலீஷ் காய். பெருமாள் கோயில் மடைப்பள்ளிக்குள் அவை போகாது. திவசச் சமையலிலும் சேராது. அதற்குக் காரணம் உண்டு. 1820களில் கோயமுத்தூர் கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன் உதகையில் வீடு கட்டிக் குடியேறி, ஐரோப்பியக் காய்கறிகளை அங்கே பயிர்செய்ய வைத்தார். இருநூறு வருஷத்துக் காய் நமக்கு நேற்று வந்த காய்தான். ஆனால் கடுகும் முள்ளங்கியும் கோசும் ஒரே குடும்பத்துச் செடிகள் என்பதை நினைத்தால், கோசில் கடுகு தாளித்துக் கொட்டும்போது அந்நியம் எதுவும் தெரிவதில்லை.

வெள்ளரியை விட்டுக் கோசுக்கு நான் வந்ததற்குத் தொழில்தான் காரணம். வெள்ளரியில் ஒரு காய் கசந்தால் போதும், ஒரு வாளி கோசுமல்லி வீண். நறுக்குவதற்கு முன் ஒவ்வொரு காயிலும் காம்புப் பக்கம் ஒரு துண்டு வெட்டித் தின்று பார்க்க வேண்டும். ஐந்நூறு இலைக்கு அது நடக்கிற காரியமா? கோசில் அந்தப் பயம் கிடையாது. வெள்ளரி போல உப்பு பட்ட உடனே குளமாகவும் ஆகாது. சித்திரை வெயிலில் மண்டபத்தில் இரண்டு மணி நேரம் தாக்குப் பிடிக்கிற பச்சைக் காய் அதைப் போல வேறு இல்லை.

எங்களுக்குக் கோஸ் ஒட்டன்சத்திரம் சந்தையிலிருந்து லாரியில் வருகிறது. மலைக்கோஸ்தான் வாங்க வேண்டும். கையில் எடுத்தால் உருவத்துக்கு மீறிய கனம் இருக்க வேண்டும். அமுக்கினால் உள்ளே போகக் கூடாது. காம்பு வெட்டிய இடம் வெள்ளையாக, ஈரமாக இருந்தால் புதுசு. பழுப்பேறி வெடித்திருந்தால் பொரியலுக்கு வைத்துக்கொள்ளலாம், பச்சையாகப் பரிமாறக் கூடாது. பெரிய தலையைவிட ஒரு கிலோவுக்குள் இருக்கிற சின்னத் தலைக்கு இனிப்பு அதிகம் என்பது என் அனுபவம்.

கோஸ் நறுக்குவதில் எங்கள் ஊர் அக்காமாருக்கு ஈடு கிடையாது. காலை நீட்டி அரிவாள்மனையில் உட்கார்ந்தால், தலையை நாலாகப் பிளந்து, நடுத்தண்டைச் சீவி எடுத்துவிட்டு, இலை நரம்புக்குக் குறுக்கே வாகு பார்த்துத் தள்ளுவார்கள். கோஸ் மறுபக்கம் நூலாக விழும். நரம்போடு சேர்த்து நீளவாக்கில் நறுக்கினால் மெல்லும்போது சக்கை தங்கும். குறுக்கே நறுக்கினால் தங்காது. இப்போது மண்டபங்களில் மின்சார மெஷின் வந்திருக்கிறது. பொரியலுக்கு அது போதும். பச்சையாகத் தின்கிற கோசுக்கு மெஷினை நான் விடுவதில்லை. அதன் பிளேடு மழுங்க ஆரம்பித்தால் காயை வெட்டாது, நசுக்கும். நசுங்கிய கோசிலிருந்து ஒரு கார நெடி எழும்பும். கடுகை அரைத்தால் வருகிற நெடியும் அதுவும் ஒரே வகை. இலையின் செல் உடைந்ததும் உள்ளே தனித்தனியாக இருந்த பொருள்கள் ஒன்றோடு ஒன்று கலந்து அந்தக் கந்தக வாடையை உண்டாக்குகின்றன. எவ்வளவு கூர்மையாக வெட்டுகிறோமோ அவ்வளவு வாடை குறைவு.

இந்தக் கோசும் புளிப்பும் ஜோடி சேர்ந்து எவ்வளவு தூரம் போகும் என்பதை எனக்குக் காட்டியவர் டென்மார்க்கிலிருந்து வந்த ஒரு பெண்மணி. ராஜபாளையத்துக்குப் பக்கத்தில் சத்திரப்பட்டி, சமுசிகாபுரம் பக்கம் ஆஸ்பத்திரிக்கான பேண்டேஜ் துணி நெய்வது பெரிய தொழில். அந்தத் துணி வியாபார சம்பந்தமாக வந்தவர், ஒரு வீட்டு விசேஷத்துக்கும் வந்திருந்தார். முதல் நாள் சாயங்காலம் காய் நறுக்குகிற இடத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். வீட்டுப் பையன் நடுவில் நின்று இரண்டு பக்கமும் மொழிபெயர்த்தான். “எங்க ஊர்லயும் கோசைப் பச்சையா இப்படித்தான் மெல்லிசா நறுக்குவோம், கிறிஸ்துமஸ் விருந்துக்கு” என்றார். செய்து காட்டச் சொன்னேன்.

ஊட்டிப் பக்கமிருந்து வந்த ஊதா கோஸ் இரண்டு தலை கூடையில் கிடந்தது. அதை நூலாக நறுக்கி, இரண்டு சிட்டிகை உப்பு தூவி, மாவு பிசைகிற மாதிரி கையால் பிசைந்தார். விறைப்பாக இருந்த கோஸ் கொஞ்ச நேரத்தில் பளபளவென்று இளகி, அளவில் பாதியாகக் குறைந்தது. ஆரஞ்சை உரித்து, சுளையின் மேல்தோலையும் வெள்ளை நாரையும் நீக்கி, சதையை மட்டும் போட்டார். நாரும் தோலும் கசக்கும், அது கோசில் இறங்கினால் எடுக்க முடியாது என்றார். அவர்கள் ஊரில் ஆப்பிள் வினிகர் ஊற்றுவார்களாம். நான் எலுமிச்சையைக் கொடுத்தேன். கொஞ்சம் எண்ணெய், ஒரு துளி தேன். மேலே வால்நட் போட வேண்டும் என்றார். வறுத்த வேர்க்கடலையை ஒன்றிரண்டாக உடைத்துக் கொடுத்தேன். நறுக்கிக்கொண்டிருந்த அக்காமார் எல்லாரும் ஆளுக்கு ஒரு வாய் அள்ளினார்கள். மூத்த அக்கா ஒருத்தி இரண்டாவது தடவையும் கையை நீட்டிவிட்டு, “நல்லாத்தான் இருக்கு அண்ணாச்சி, ஒரு பச்சமொளகா கிள்ளிப் போட்டா இன்னும் நல்லாருக்கும்” என்றார். போட்டோம். நன்றாகத்தான் இருந்தது.

குளிர்நாட்டில் பச்சைக் காயில் இவ்வளவு பிரியம் ஏன் என்று அன்றைக்குக் கேட்டேன். அவர் சொன்னதை வைத்தும், பிறகு படித்ததை வைத்தும் எனக்குப் புரிந்தது இது. டென்மார்க், ஸ்வீடன், நார்வே பக்கம் குளிர்காலத்தில் நிலத்தில் பெரிதாக எதுவும் விளையாது. இலையுதிர் காலத்தில் அறுத்த கோசை நிலவறையில் அடுக்கி வைத்தால் மாதக்கணக்கில் கெடாது. அதே குளிர்காலத்தில்தான் ஸ்பெயின், இத்தாலியிலிருந்து ஆரஞ்சு வந்து இறங்கும். நிலவறையில் இருக்கிற கோசும் வந்து இறங்கிய ஆரஞ்சும் ஒரே பாத்திரத்தில் சேர்வது இயல்புதானே. ஸ்வீடனில் பீட்சா கடைகளில் பீட்சாவுக்கு முன்னால் வினிகரும் எண்ணெயும் ஊறிய பச்சைக் கோசை ஒரு கிண்ணத்தில் காசு வாங்காமல் வைப்பது இன்றைக்கும் வழக்கம். பசிக்கு முன்னால் ஒரு வாய் புளிப்பு என்பதில் அவர்களும் நம் பந்திக்காரர்களும் ஒத்துப்போகிறார்கள்.

கோசுக்கும் எலுமிச்சைக்கும் இன்னொரு பழைய சம்பந்தமும் உண்டு. நெடுங்கடலில் போகிற மாலுமிகள் ஈறு வீங்கி ரத்தம் கசிந்து செத்துக்கொண்டிருந்த காலத்தில், 1747இல் ஜேம்ஸ் லிண்ட் என்ற கப்பல் மருத்துவர் நோயாளிகளை இரண்டிரண்டு பேராகப் பிரித்து வெவ்வேறு பொருள்களைக் கொடுத்துப் பார்த்தார். ஆரஞ்சும் எலுமிச்சையும் தின்ற இருவர்தான் சீக்கிரம் தேறினார்கள். இருபது வருஷம் கழித்துப் புறப்பட்ட கேப்டன் குக் தன் கப்பலில் புளிக்கவைத்த கோசைப் பீப்பாய் பீப்பாயாக ஏற்றிக்கொண்டு போனார். இரண்டிலும் இருக்கிற வைட்டமின் சி அடுப்புச் சூட்டில் பெருமளவு போய்விடும். பச்சையாகப் பரிமாறுவதற்கு ருசி மட்டும் காரணம் இல்லை.

அந்த ஊதா கோசில் இன்னொன்றும் பார்த்தோம். கழுவியது மண்டபத்து போர் தண்ணீரில். எங்கள் அடிவாரத்துக் கிணற்றுத் தண்ணீர் போல அது நல்ல தண்ணீர் இல்லை. உப்பும் சுண்ணாம்பும் ஏறியது. நறுக்கிய ஊதா கோஸ் அதில் ஊறியதும் தண்ணீர் மட்டும் அல்ல, கோசின் ஓரமும் நீலமாக மாறியது. பெண் வீட்டுப் பாட்டி எட்டிப் பார்த்துவிட்டு, “சாயம் ஏத்துன காயா இது? பிள்ளைகளுக்குக் குடுக்காதீக” என்று சொல்லிவிட்டார். எலுமிச்சையை அறுத்து அவர் கண் முன்னால் அந்த நீலத் தண்ணீரில் நாலு சொட்டு விட்டேன். ரோஜாப்பூ நிறத்துக்கு வந்தது. ஊதா கோசின் நிறப்பொருள் புளிப்பில் சிவக்கும், காரத்தன்மையில் நீலமாகும். பள்ளிக்கூடத்து லிட்மஸ் தாள் செய்கிற வேலையை அது செய்கிறது. பாட்டி இன்னொரு எலுமிச்சையை எடுத்துத் தானே பிழிந்து பார்த்த பிறகுதான் ஒத்துக்கொண்டார். அன்றிலிருந்து ஊதா கோஸ் என்றால் முதலிலேயே கழுவி, கேன் தண்ணீரில் அலசி, துடைத்துவிட்டுத்தான் நறுக்கச் சொல்கிறேன். நறுக்கிய பிறகு தண்ணீர் படவே கூடாது.

புளிப்பைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். எலுமிச்சைக்கு எங்களுக்குப் புளியங்குடிதான் சந்தை. தோல் மெல்லிசாக, மஞ்சளும் பச்சையும் கலந்து, கையில் கனமாக இருக்கிற பழம்தான் சாறு பழம். பங்குனி, சித்திரையில் விலை தாறுமாறாக ஏறும். கல்யாணமும் அப்போது நிறைய இருக்கும். அந்த நேரம் விலையைப் பார்த்து வினிகரை ஊற்றுகிற சமையல்காரர்கள் உண்டு. நான் அதற்குச் சம்மதிக்க மாட்டேன். வினிகரில் புளிப்பு இருக்கும், வாசம் இருக்காது. எலுமிச்சை கட்டுப்படி ஆகவில்லை என்றால் பாதி எலுமிச்சை, பாதி துருவிய மாங்காய் என்று போடலாம். ராஜபாளையத்துக்காரர்களுக்கு மாங்காய்க்கு என்ன பஞ்சம்?

ஆரஞ்சு வீட்டுச் சமையலுக்குச் சரி. பந்திக்கு அது தோதுப்படாது. சுளை உடைந்து சாறாக ஓடிவிடும். அந்த இடத்தில் நான் போடுவது பம்ளிமாஸ். அதன் சதை முத்து முத்தாகத் தனியே உதிரும், உப்பு பட்டாலும் சீக்கிரம் உடையாது, வாயில் கடித்தால்தான் சாறு விடும். கோசின் நறுக்குக்கு நடுவில் அந்த முத்து உடைவதை ஒரு தடவை ருசித்தவர்கள் மறுபடி கேட்கிறார்கள். பழத்தின் வெள்ளைத் தோலைக் கொஞ்சமும் விடாமல் எடுக்கிற வேலைக்கு மட்டும் பொறுமை வேண்டும்.

பெரியப்பாவிடமிருந்து வந்த ஒரு பொருளை இன்னும் விடாமல் வைத்திருக்கிறேன். நார்த்தை இலை. கொழுந்தாக நாலைந்து பறித்து, நடு நரம்பைக் கிழித்துவிட்டு, வெற்றிலை போலச் சுருட்டி முடி மாதிரி நறுக்கிக் கலப்பேன். வேப்பிலைக்கட்டி இடிக்கிறவர்களுக்கு அந்த வாசம் தெரியும். டென்மார்க்காரப் பெண்மணி அதை முகர்ந்துவிட்டு, உலர்த்தி ஊருக்குக் கொண்டுபோகலாமா என்று கேட்டார்.

வரிசைதான் இந்த வேலையில் முக்கியம். நூறு இலைக்கு 5 கிலோ கோஸ், 1 கிலோ கேரட், அரை கிலோ பாசிப்பருப்பு என்று கணக்கு. எலுமிச்சை 20, சாறு குறைந்த காலத்தில் இன்னும் அஞ்சாறு கூடும். பருப்பை ஒரு மணி நேரம் ஊறவைத்து வடித்துவிட வேண்டும். அதற்கு மேல் ஊறினால் கொழகொழக்கும். பந்திக்கு அரை மணி முன்னால் கோசில் உப்பு, கிலோவுக்கு இரண்டு டீஸ்பூன். விரல் நுனியால் லேசாகக் கிளறி விட்டுக் கால் மணி நேரம் கழித்து இரண்டு கையாலும் பிழிந்து தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும். உப்பு இழுத்து விட்ட இந்தத் தண்ணீர்தான் முதலில் சொன்னேனே, லட்டு வரைக்கும் ஓடுகிற தண்ணீர். அதை இங்கேயே எடுத்துவிட்டால் இலையில் ஓட எதுவும் இல்லை. பிறகு கேரட், பருப்பு, பச்சை மிளகாய், இஞ்சி. கடுகும் பெருங்காயமும் தாளித்து ஆறிய பிறகுதான் கொட்ட வேண்டும்.

தேங்காயும் எலுமிச்சையும் கடைசி. வத்திராயிருப்புத் தோப்புத் தேங்காயே ஆனாலும் துருவி வெயில் காலத்தில் மூன்று மணி நேரம் விட்டால் ஊசிப்போகும். எலுமிச்சைச் சாற்றைக் காலையிலேயே பிழிந்து பாட்டிலில் வைத்தால் பந்தி நேரத்துக்குள் வாசம் பறந்து கசப்பு தட்டும். பழத்தை அறுத்து, விதையை நசுக்காமல் பிழிய ஒரு ஆளை ஒதுக்கிவிடுவேன். “அண்ணாச்சி, பந்தி உக்காந்து இலை போட்டாச்சு” என்று பரிமாறுகிற பையன் குரல் கொடுத்த பிறகுதான் அவர் பிழிய ஆரம்பிக்க வேண்டும். உப்பு வைத்து, ஊறுகாய் வைத்து, இனிப்பு வைத்து வருவதற்குள் கலந்து வாளியில் ஏற்றிவிடலாம். இரண்டாம் பந்திக்குத் தனியாகக் கலக்க வேண்டும், மீந்ததில் சேர்க்கக் கூடாது. கலக்குவது எவர்சில்வர் பாத்திரத்தில் மட்டும்தான். அலுமினியமும் ஈயம் பூசாத பித்தளையும் புளிப்பைத் தாங்காது.

பச்சைக் கோஸ் என்றாலே மூளையில் புழு வரும் என்று பயப்படுகிறவர்கள் இப்போது அதிகம். பயத்தில் பாதி நியாயம் இருக்கிறது. அந்த நோய் கோசிலிருந்து பிறப்பதில்லை. பன்றி நாடாப்புழுவின் முட்டை, மலம் கலந்த தண்ணீராலும் மண்ணாலும் எந்தப் பச்சைக் காயிலும் கீரையிலும் ஒட்டலாம். சமைக்கிறவர் கை சுத்தமில்லை என்றாலும் வரலாம். எனவே வெளி இலை நாலைந்தை உரித்து எறிய வேண்டும். நாலாகப் பிளந்து, ஓடுகிற தண்ணீரில் இதழ் விலக்கிக் கழுவ வேண்டும். வெள்ளைக் கோசை உப்பும் மஞ்சளும் போட்ட தண்ணீரில் கால் மணி நேரம் முக்கிவைத்தால் உள்ளே ஒளிந்திருக்கிற பச்சைப் புழு மேலே வரும். மருந்து அடித்த வாடையும் குறையும். கடைசி அலசல் குடிக்கிற தண்ணீரில். கலக்குகிறவர் சோப்புப் போட்டுக் கை கழுவினாரா என்று நான் பக்கத்தில் நின்று பார்ப்பேன். அவ்வளவு தண்ணீர் வசதி இல்லாத இடத்தில், சதுரகிரி ஆடி அமாவாசைக்குத் தாணிப்பாறையில் அன்னதானம் போடச் சொன்னாலும் சரி, பச்சைக் கோஸ் பரிமாற மாட்டேன். அங்கே கோஸ் பொரியல்தான்.

இப்போது கல்யாணங்களில் சாலட் என்று ஒரு தனி மேஜை வந்திருக்கிறது. கோசை மெஷினில் அரைத்த மாதிரி நறுக்கி, மயோனைஸ் கொட்டி, மேலே ஒரு செர்ரிப் பழம். காலையில் கலந்தது மத்தியானம் வரை அங்கேயே வெயிலில் இருக்கும். 2025 ஏப்ரலில் பச்சை முட்டை மயோனைஸைத் தமிழ்நாடு அரசு ஒரு வருஷத்துக்குத் தடை செய்தது. கிருமி வளரும் என்பதுதான் அதற்குச் சொன்ன காரணம். முட்டை இல்லாத மயோனைஸும் நம் வெயிலுக்கு ஏற்றது இல்லை. கொழுப்பு நாக்கில் படிந்தால் அடுத்த பதார்த்தத்தின் ருசி மங்கும். பசியைத் தூண்ட வேண்டிய முதல் வாய் பசியை அடக்கிவிடும். வெளிநாட்டு மாதிரி வேண்டும் என்று கேட்கிற வீட்டாரிடம் நான் டென்மார்க் மாதிரியைத்தான் சொல்கிறேன். ஊதா கோஸ், பம்ளிமாஸ், வேர்க்கடலை, எலுமிச்சை. மேஜையிலும் அழகாக இருக்கும், செலவும் மயோனைஸைவிடக் குறைவு.

கூமாப்பட்டி பெயர் 2025இல் செல்போன் வீடியோக்களில் ஊரெல்லாம் பரவிய பிறகு அணையைப் பார்க்க வெளியூர்க்காரர்கள் நிறைய வருகிறார்கள். சிலர் எங்கள் பக்கத்து மண்டபங்களில் விசேஷமும் வைக்கிறார்கள். அவர்களுக்கும், கல்யாணச் சமையல் பேசப் போகிற எல்லாருக்கும் ஒரு வேண்டுகோள். மெனு எழுதும்போது பாயசம் எத்தனை வகை என்று கேட்கிறீர்கள். அதோடு, கோசுமல்லியில் எலுமிச்சையை எப்போது பிழிவீர்கள் என்றும் சமையல்காரரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். பந்தி உட்கார்ந்த பிறகு என்று சொல்கிற ஆளுக்கு அட்வான்ஸ் கொடுங்கள்.